மூன்றாவது இஞ்சின்

கவுஸ் பாஷாவுக்கு இடுப்புக்குக் கீழே ஒன்றுமே தெரியவில்லை. இடுப்புக்கு மேலே ஒரே ஒரு கேள்வி மட்டும் மிச்சம் இருந்தது. தசரதன் ஆஸ்பத்திரி வார்டுக்குள் தலையை நீட்டினால் போதும், அந்தக் கேள்வி வந்துவிடும்.

"இன்னாண்ணா, தெரிஞ்சுதா? இஞ்சின் எதுக்கு நின்னுச்சு?"

"பாத்துக்கினு இருக்கேன் பாஷா. கார்புரேட்டரைக் கழட்டிட்டேன். அதுல கோளாறு எதுவும் இல்ல."

"அப்ப நான்தான்."

"நீ இல்லடா."

"நான்தான்ணா. பெட்ரோல் டேப்பு என் முட்டியாண்டதானே இருந்துச்சு? மேல போனதும் பயந்துட்டேன். பயத்துல காலை ஒடுக்கியிருப்பேன், முட்டி இடிச்சு டேப்பு மூடிக்கிச்சு. முட்டியையே கேட்டுப் பாக்கலாம்னா, அது என்னாண்ட பேசறதையே வுட்டுடுச்சு."

இதைச் சொல்லிவிட்டு அவன் சிரிப்பான். அந்தச் சிரிப்புக்குத் தசரதனும் சேர்ந்து சிரிக்க வேண்டியிருந்தது. நண்பனின் கால்கள் மரக்கட்டையாகிக் கிடக்க, பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து சிரிப்பதற்குத் தனிப் பயிற்சி வேண்டும். விமானப் படையில் பதினைந்து வருஷம் இருந்தும் தசரதனுக்கு அந்தப் பயிற்சியை யாரும் தரவில்லை.

கவலை கால்களைப் பற்றியது அல்ல. வேலூர் பெரிய ஆஸ்பத்திரியில் ஒரு மாதம் வைத்துப் பார்த்து, முதுகெலும்பில் செய்வதற்கு இனி ஒன்றும் இல்லை என்று திருவண்ணாமலைக்கே திருப்பி அனுப்பிவிட்டார்கள். கவலை சோற்றைப் பற்றியது. பாஷா சாப்பிட மறுத்தான். அவன் மனைவி ஹபீபுன்னிசா ஊட்டினால் இரண்டு வாய் வாங்கிக்கொண்டு சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொள்வான். அதாவது கழுத்தை மட்டும்.

"இவரு இப்பிடியே பட்டினி கெடந்தா முதுகுல இருக்கற புண்ணு ஆறாது" என்று டாக்டர் தசரதனைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். "உடம்புல சத்து இல்லன்னா ஜுரம் வரும். ஜுரம் வந்தா என்னால ஒண்ணும் சொல்ல முடியாது. எதுக்கு சாப்ட மாட்டேங்கறாரு?"

"தானே தன் காலை ஒடிச்சிக்கிட்டதா நினைச்சிக்கினு இருக்கான் சார்."

"இல்லன்னு சொல்லுங்களேன்."

"சொன்னா ஆதாரம் கேக்கறான் சார். அவன் வெல்டர். கண்ணால பாக்காம எதையும் ஒத்துக்க மாட்டான்."

ஆக, இஞ்சின் ஏன் நின்றது என்று கண்டுபிடித்தாக வேண்டும். நொறுங்கிய விமானத்தில் அந்த டேப்பு கைப்பிடி முறிந்து கிடந்தது. அது திறந்திருந்ததா மூடியிருந்ததா என்று பிரம்மனாலும் சொல்ல முடியாது. வேறு காரணம் ஒன்று கிடைத்தால்தான் பாஷாவின் முட்டி குற்றத்திலிருந்து விடுதலையாகும். விடுதலையானால் சாப்பிடுவான். சாப்பிட்டால் பிழைப்பான்.

இந்த இடத்தில், திருவண்ணாமலையில் ஒரு வெல்டருக்கு விமானத்தில் என்ன வேலை என்று கேட்பது நியாயம். ஊரே கேட்டது.

தசரதன் விமானப் படையில் இஞ்சின் ஃபிட்டர். டகோட்டா விமானத்தின் பதினாலு சிலிண்டர் இஞ்சினைக் கண்ணை மூடிக்கொண்டு பிரித்துப் பூட்டுவான். ஆனால் மேலே போனது சாமானாகத்தான். அஸ்ஸாமில் மலை மேல் இருந்த முகாம்களுக்கு அரிசி, மண்ணெண்ணெய், உயிருள்ள ஆடு எல்லாம் ஏற்றிக்கொண்டு விமானம் போகும்; ஆடுகளோடு ஆடாகத் தசரதனும் போவான். ஆடுகளுக்குக்கூட ஜன்னல் பக்கம் இடம் கிடைத்தது. பிறகு ஜெட் வந்தது. பிஸ்டன் இஞ்சின் என்பது மாமியார், நாத்தனார், ஓரகத்தி எல்லாம் சேர்ந்து இடித்துக்கொண்டு ஓடும் கூட்டுக் குடும்பம். ஆயிரம் உறுப்பு, ஆயிரம் சண்டை, சமாதானம் பண்ண ஒரு ஃபிட்டர் கூடவே இருக்க வேண்டும். ஜெட் ஒற்றையாள். முன்னால் காற்றை இழுத்து, நடுவில் கொளுத்தி, பின்னால் ஊதிவிட்டுப் போய்க்கொண்டே இருக்கும். அதற்குப் புதுப் பையன்கள் வந்தார்கள். பிஸ்டன் ஆட்கள் மூட்டை கட்டினார்கள். எழுபத்து நாலில் தசரதனும் கட்டினான். ஊருக்கு வந்து ஒரு பஸ் கம்பெனியின் பட்டறையில் மெக்கானிக்காகச் சேர்ந்தான்.

வந்த சூட்டோடு போளூர் ரோட்டில் இருந்த பாஷாவின் வெல்டிங் கொட்டகைக்குப் போய், "ஒரு ஏரோப்ளேன் பண்ணலாமா?" என்று கேட்டான். "கேட்டு, ஜன்னல் கிரில்லு எல்லாம் பண்ணி சலிச்சுப் போச்சுண்ணா. பண்ணலாம்" என்றான் பாஷா. அவ்வளவுதான் ஆலோசனை. ஒரு மாட்டுத் தொழுவம் கட்டுவதற்குக்கூட மனிதர்கள் இன்னும் கொஞ்சம் அதிகமாக யோசிப்பார்கள்.

முதல் இஞ்சின் ஜாவா மோட்டார் சைக்கிளில் இருந்து எடுத்தது. ஊருக்கு வெளியே சமுத்திரம் ஏரி இருக்கிறது. பெயர்தான் சமுத்திரம்; கோடையில் கொக்கு நிற்கக்கூடத் தண்ணீர் இருக்காது. தரை அம்மிபோல் காய்ந்து கிடக்கும். அந்தத் தரையில் ஜாவா இஞ்சின் பூட்டிய விமானம் ஓடியது, ஓடியது, கரை வரைக்கும் ஓடியது. ஒரு எருமை தலையைத் தூக்கிப் பார்த்துவிட்டு மறுபடி மேய்ந்தது. விமானம் தலையைக்கூடத் தூக்கவில்லை.

இரண்டாவது இஞ்சின் ஒரு ஃபியட் காருடையது. பலம் இருந்தது. ஆனால் அதைக் குளிர்விக்கத் தண்ணீர் வேண்டும், தண்ணீருக்கு ரேடியேட்டர் வேண்டும், இரண்டையும் தாங்க இரும்பு வேண்டும். முடிவில் இஞ்சினின் பலமெல்லாம் இஞ்சினைச் சுமக்கவே சரியாகப் போனது. விமானம் சாக்கடையில் மூக்கை விட்ட பன்றி மாதிரி முன்பக்கம் குத்திக்கொண்டு நின்றது. "இதுல கூட நாலு பேரு கை போட்டுத் தூக்கினா பறக்கும்ணா" என்றான் பாஷா.

ரைட் சகோதரர்களுக்கும் இதே கதைதான் என்று தசரதன் அவனுக்குச் சொன்னான். கடையில் கிடைத்த இஞ்சின் எல்லாம் கனம். கடைசியில் தங்கள் பட்டறை மெக்கானிக்கை வைத்தே அலுமினியத்தில் வார்த்துக்கொண்டார்கள். பன்னிரண்டு குதிரைச் சக்தி. பெட்ரோல் பம்புகூடக் கிடையாது. மேலே டேங்க், கீழே இஞ்சின், பெட்ரோல் தன் பாட்டுக்கு இறங்கும். விமானத்தின் சரித்திரமே உடம்பு இளைத்த சரித்திரம்தான். ரேடியேட்டரைத் தூக்கிப் போட்டு, சிலிண்டரைக் காற்றிலேயே ஆறவிடலாம் என்று தெரிந்துகொண்டபோது பாதி வழி வந்தாகிவிட்டது.

"காத்துல ஆறற இஞ்சினுக்கு நம்ம ஊர்ல எங்க போறதுண்ணா?"

அது நம்ம ஊரிலேயேதான் இருந்தது. ஜெர்மனியில் இருந்து தரை வழியாகவே ஃபோக்ஸ்வாகன் வேன் ஓட்டிக்கொண்டு ஒரு வெள்ளைக்காரர் ஆசிரமத்துக்கு வந்திருந்தார். ஞானம் கிடைத்ததோ வயிற்றுப்போக்கு கிடைத்ததோ, திரும்பும்போது விமானத்தில் போய்விட்டார். வேன் செங்கம் ரோட்டில் ஒரு புளியமரத்தடியில் நின்றது. புறப்படும் முன் தசரதன் அவரிடம் இஞ்சினைக் கேட்டான். அவர் இரண்டு கையையும் விரித்து, உலகத்தையே எடுத்துக்கொள் என்கிற மாதிரி சிரித்தார். வேனில் குடியிருந்த ஆடுகளை விரட்டிவிட்டுப் பின்கதவைத் திறந்தபோது, தண்ணீரே இல்லாத, இரண்டு பக்கமும் கை நீட்டிப் படுத்திருந்த, லேசான அந்த நாலு சிலிண்டர் இஞ்சினைப் பார்த்துத் தசரதனுக்குக் கண் கலங்கிவிட்டது. தன்னைப் பெண் பார்த்தபோதுகூட அவனுக்கு இப்படி ஆகவில்லை என்று அவன் மனைவி சந்திரகலா இன்று வரைக்கும் சொல்லிக்காட்டுவாள்.

பிறகு நாலைந்து வருஷம் ஞாயிற்றுக்கிழமைகளாகவே போயிற்று. பாஷா குழாய்களைப் பற்றவைத்தான். இறக்கைக்குத் துணி போர்த்தி வார்னிஷ் அடித்தார்கள். பெட்ரோல் டேங்கையும் பாஷாவே தகரத்தில் செய்தான். அதற்கு ஒரு பழைய பைக்கின் மூடி பொருத்தமாக அமைந்தது. எண்பத்திரண்டு கோடையில் எல்லாம் முடிந்தபோது ஒரே ஒரு சிக்கல் வந்தது. நெல் மண்டித் தராசில் ஏறி நின்ற தசரதனைப் பார்த்து மண்டிக்காரர், "மூட்டையை எறக்கிட்டு ஏறுங்க" என்றார். மூட்டை எதுவும் இல்லை.

"நீ ஏறினா இது ஏரோப்ளேன் இல்லண்ணா, ரோடு ரோலரு" என்றான் பாஷா. அவன் தராசில் ஏறியபோது முள் அசைந்ததா என்றே சந்தேகமாக இருந்தது. "நான் ஏறறேன். ஒரு பனைமர உசரம், அப்பிடியே எறக்கிடறேன். ரெண்டு தபா ஓட்டிப் பாத்து நல்லா இருந்துச்சுன்னா, நீ உடம்பைக் கம்மி பண்ணிக்கினு ஏறு."

இளைக்க வேண்டிய கடைசி உறுப்பு தான்தான் என்று தெரிந்தபோது தசரதனுக்கு வெட்கமாக இருந்தது. அந்த வெட்கத்தை ஒரு கேலியில் மறைத்தான். "சரி, நீ போய் மேல காத்து எப்படி இருக்குன்னு பாத்துட்டு வா" என்றான்.

அக்னி நட்சத்திரம் முடிந்த ஒரு காலை, காற்று கிளம்புவதற்கு முன்பே ஏரியில் எல்லாரும் கூடிவிட்டார்கள். விடிந்ததும் விடியாததுமாகத் தசரதன் விமானப் படைப் பழக்கப்படி மூக்கிலிருந்து வால் வரை தொட்டுத் தொட்டுச் சரிபார்த்து முடித்திருந்தான். அதற்கப்புறம்தான் பூஜை. புது ஸ்கூட்டருக்கே பூஜை போடாமல் யாரும் சாவி போட மாட்டார்கள்; இது ஏரோப்ளேன். சந்திரகலா சக்கரங்களுக்கும் இறக்கைகளுக்கும் மஞ்சளும் குங்குமமும் வைத்தாள், சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம் வைத்தாள், கற்பூரம் காட்டினாள்.

"உங்க சாமி மட்டும் பாத்தா போதுமா அண்ணி? ஏறப் போறது எங்க ஊட்டு ஆளு" என்று ஹபீபுன்னிசா முந்தானை முடிச்சை அவிழ்த்தாள். தர்காவில் சந்தனக்கூட்டின்போது கொடுத்த சந்தனம் அது. ஒரு கிண்ணத்தில் தண்ணீர் விட்டுக் குழைத்து, நெற்றி மாதிரி தெரிந்த இடங்களில் எல்லாம் கெட்டியாகப் பொட்டு வைத்தாள். கடைசியாகப் புருஷன் நெற்றியிலும் வைத்தாள். "பாத்து வாங்க" என்றாள்.

"மெட்ராஸுக்கா போறேன்? இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும்" என்றான் பாஷா.

தசரதன் விமானத்தின் முன்விசிறியைக் கையால் சுற்றிவிட்டான். இஞ்சின் முதல் சுற்றிலேயே பிடித்துக்கொண்டது. எலுமிச்சம்பழம் நசுங்கியது. விமானம் புழுதியைக் கிளப்பிக்கொண்டு ஓடியது. ஓடிக்கொண்டே இருந்த சக்கரத்துக்கும் தரைக்கும் நடுவே ஒரு வெளிச்சக் கீற்று தெரிந்தது. அந்தக் கீற்று அகலமாகியது. எட்டு வருஷம், மூன்று இஞ்சின், அந்த ஒரு கீற்று. மலைக்கு முன்னால் துணி இறக்கை வெயிலில் மஞ்சளாக மின்ன, பாஷா பனைமர உயரத்தில் போய்க்கொண்டிருந்தான். தசரதன் தன் தொண்ணூறு கிலோவையும் தூக்கிக்கொண்டு பின்னாலேயே ஓடினான். என்ன கத்தினான் என்று அவனுக்கே தெரியாது.

அப்போது இஞ்சின் இருமியது. இன்னொரு முறை இருமியது. நின்றுவிட்டது.

சத்தம் இல்லாத விமானம் எவ்வளவு கனமான பொருள் என்று அப்போதுதான் தெரிந்தது. மூக்கைக் கொஞ்சம் கீழே விட்டிருந்தால் சறுக்கிக்கொண்டே இறங்கியிருக்கலாம். பாஷாவுக்கு அது சொல்லித்தரப்பட்டிருந்தது. ஆனால் கீழே விழப்போகிற மனிதனின் கை மேலே இழுக்கத்தான் செய்யும். இறக்கை காற்றைக் கைவிட்டது. விமானம் உட்காருகிற மாதிரி, வால் பக்கமாக, அம்மித் தரையில் வந்து உட்கார்ந்தது.

அதற்குப் பிறகு வேலூர், வேலூருக்குப் பிறகு இந்த வார்டு, இந்தக் கேள்வி.

இஞ்சினுக்கு ஒரு கீறல்கூட விழவில்லை. அதுதான் தசரதனைக் கொன்றது. கொட்டகையில் ஒரு இரும்புத் தாங்கியில் அதைப் பூட்டி, விட்டத்தில் வாய் திறந்த ஒரு பால் டின்னைக் கட்டித் தொங்கவிட்டு, குழாய் வழியாகப் பெட்ரோல் கொடுத்து ஓட்டிப் பார்த்தான். இஞ்சின் பாட்டுப் பாடிக்கொண்டு ஓடியது. பிரித்தான். பூட்டினான். ஓடியது. பிளக், காயில், கார்புரேட்டர் எல்லாவற்றையும் மாற்றி மாற்றிப் பார்த்தான். எல்லாம் ஓடியது. வாழ்க்கையில் அவன் எத்தனையோ இஞ்சின்களை ஓடு ஓடு என்று கெஞ்சியிருக்கிறான். ஒரு இஞ்சினின் முன்னால் உட்கார்ந்து, "நில்லுடா, ஒரே ஒரு தபா நின்னு காட்டுடா" என்று அழுதது இதுதான் முதல் தடவை.

"இன்னாண்ணா, தெரிஞ்சுதா?"

"இஞ்சின் நல்லா இருக்குது பாஷா."

"அப்ப நான்தான்." பாஷா இப்போதெல்லாம் சிரிப்பதில்லை. "வுட்டுடுண்ணா. எனக்கு தெரியும்."

அந்த மதியம் பாஷாவுக்கு குளுக்கோஸ் ஏறிக்கொண்டிருந்தது. வாயால் இறங்காததை ஊசி வழியாகவாவது இறக்கலாம் என்று டாக்டர் போட்டிருந்தார். கம்பியில் கண்ணாடி பாட்டில் தலைகீழாகத் தொங்கியது. பாஷா கண்ணை மூடிக்கொண்டிருந்தான். ஹபீபுன்னிசா திடீரென்று எழுந்தாள்.

"சிஸ்டர், சிஸ்டர்! தண்ணி நின்னுடுச்சு. சொட்ட மாட்டேங்குது."

சிஸ்டர் வந்து பார்த்தாள். பாட்டிலில் முக்கால்வாசி அப்படியே இருந்தது. கையில் இருந்த ஊசியை அவள் தொடவே இல்லை. பாட்டில் வாயில் குத்தியிருந்த இன்னொரு சின்ன ஊசியைப் பிடுங்கிவிட்டு வேறு ஒன்றைக் குத்தினாள். பாட்டிலுக்குள் குமிழ் ஒன்று கிளம்பி மேலே ஓடியது. குழாயில் சொட்டு விழுந்தது. அடுத்த சொட்டு விழுந்தது.

"இது காத்து ஊசிம்மா. அடைச்சிக்கிச்சு. உள்ள காத்து போனாதானே தண்ணி கீழ எறங்கும்? பயப்படாத."

தசரதன் ஸ்டூலில் இருந்து எழுந்தான். சொல்லிக்கொள்ளாமல் நடந்தான். ஆஸ்பத்திரி வாசலில் சைக்கிளை எடுத்தவன், போளூர் ரோடு வரைக்கும் பெடலை மிதித்ததே நினைவில் இல்லை.

கொட்டகை மூலையில் டேங்க் நசுங்கிக் கிடந்தது. பெட்ரோல் அன்றே ஒழுகித் தீர்ந்துவிட்டதால் அதை யாரும் தொடவில்லை, அவனும் தொடவில்லை. சோதனை முழுவதும் வாய் திறந்த பால் டின்னில்தான் நடந்தது. மூடி மட்டும் டேங்கின் மேல் அப்படியே இருந்தது. எந்தப் பெட்ரோல் டேங்க் மூடியிலும் நடுவில் ஒரு சின்ன ஓட்டை இருக்கும். பெட்ரோல் கீழே இறங்க இறங்க, அந்த வழியாகக் காற்று உள்ளே போகும். காற்று போகாவிட்டால் பெட்ரோல் தொங்கிக்கொண்டு நின்றுவிடும். கார்புரேட்டரில் இருக்கிற மிச்சத்தில் இஞ்சின் கிளம்பும், ஓடும், ஒரு பனைமர உயரம் ஏறும்.

புழுதியைத் துடைத்தான். மூடியின் நட்ட நடுவில் ஒரு சந்தனப் பொட்டு. வட்டமாக, கெட்டியாக, சிமெண்டு மாதிரி காய்ந்திருந்தது. விரல் ரேகைகூடப் பதிந்திருந்தது. சந்திரகலா வைத்த பொட்டுகள் எல்லாவற்றிலும் மஞ்சளும் குங்குமமும் இருந்தன. இதில் வெறும் சந்தனம்.

நகத்தால் சுரண்டினான். பொட்டின் அடியில் இருந்து ஒரு சின்ன ஆணி மாதிரி சந்தனம் வெளியே வந்தது.

அதை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தான். தேடியது கிடைத்துவிட்டது. பாஷாவின் முட்டி நிரபராதி. இதைக் கொண்டுபோய்க் காட்டினால் போதும். காட்டினால் அந்தக் கட்டிலின் தலைமாட்டில் கிண்ணமும் கரண்டியுமாக நிற்கிறவள் அதைப் பார்ப்பாள். தன் விரல் ரேகையைப் பார்ப்பாள். இருபது வருஷம் அவள் உயிரோடு இருந்தால் இருபது வருஷமும் பார்ப்பாள். பாஷா அவளை ஒரு வார்த்தை சொல்ல மாட்டான். அது இன்னும் மோசம்.

சரிபார்த்தது பூஜைக்கு முன்னால். பூஜைக்குப் பின்னால் இன்னொரு தடவை பார்க்க வேண்டும் என்று எந்தப் பயிற்சியிலும் சொல்லவில்லை. ஏனென்றால் விமானப் படையில் அதற்குப் பிறகு யாரும் பொட்டு வைக்க வர மாட்டார்கள். ஆனால் ஊருக்கு வந்தவன் ஊரை அல்லவா தெரிந்து வைத்திருக்க வேண்டும்? பஸ் பட்டறையில் ஆயுத பூஜை முடிந்தால் ஸ்பேனர் முழுக்க இருக்கிற பொட்டைத் துடைப்பது அவன்தானே? இப்படி யோசித்துப் போனபோது, சொல்லப் போகிற பொய்யில் பாதிக்கு மேல் உண்மை இருப்பதாகவே அவனுக்குப் பட்டது. அது வசதியாகவும் இருந்தது.

மூடியைச் சுத்தமாகத் துடைத்துவிட்டு ஆஸ்பத்திரிக்குத் திரும்பினான்.

"பாஷா, கண்டுபிடிச்சிட்டேன். நீ இல்ல."

பாஷா கண்ணைத் திறந்தான். "ஆதாரம்?"

தசரதன் மூடியை அவன் கையில் கொடுத்தான். "நடுவுல ஓட்டை இருக்குது பாரு. இது வழியா காத்து போவணும். போவலன்னா பெட்ரோல் எறங்காது. இதை அடைச்சிட்டேன்."

"அடைச்சியா? எதால?"

"சோப்பால."

வார்டில் அந்தப் பக்கக் கட்டில்காரர்கூடத் திரும்பிப் பார்த்தார். டேங்கில் ஒழுக்கு வந்தால் ரோட்டோர மெக்கானிக்குகள் சோப்பைப் பிசைந்து அப்புவார்கள். ஊர் போய்ச் சேருகிற வரைக்கும் தாங்கும். கேவலமான வேலை, தசரதன் தன் கையால் ஒரு நாளும் அதைச் செய்ததில்லை. செய்கிறவர்களைத் திட்டியிருக்கிறான்.

"முந்தின நாளு ஓட்டிப் பாத்தப்ப அந்த ஓட்டையால பெட்ரோல் தெறிச்சுது. உன் கண்ணுல படுமேன்னு உள்பக்கமா சோப்பு வெச்சேன். காலையில எடுத்துடலாம்னு இருந்தேன். மறந்துட்டேன்."

பாஷா மூடியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். நகத்தை ஓட்டையில் வைத்துப் பார்த்தான். ஹபீபுன்னிசா கிட்டே வந்தாள்.

"இந்த மூடியா? டேங்கு மேல இருந்ததா?" அவள் குனிந்து மூடியைப் பார்த்தாள். "அண்ணா, இது மேலதானே நான்..."

"ஆமாம்மா, நீ சந்தனம் வெச்ச. அது மேல. சும்மா தோலு மாதிரி ஒட்டிக்கினு இருந்துச்சு. உள்ள சோப்பு இருக்கறப்ப சந்தனம் இன்னா பண்ணும்?" அவன் அவள் முகத்தைப் பார்க்காமல் வேகமாகச் சொன்னான். "எல்லாம் நான் பண்ணதுதான்."

அவள் கையில் இருந்த கரண்டியைக் கிண்ணத்தில் வைத்தாள். "தர்கா சந்தனம்ணா அது. அவரைக் காப்பாத்தும்னு கொண்டாந்தேன். அதுக்கு அடியில போய் சோப்பை வெச்சீங்களே."

பாஷா மூடியைக் கையில் இறுக்கினான். அவன் முகத்தில் ரொம்ப நாளாக இல்லாத ரத்தம் ஏறிக்கொண்டிருந்தது. உண்மையாகவே ஏறியது, தசரதன் அதைக் கண்ணால் பார்த்தான், அதற்காகவே வந்தவன் போலப் பார்த்தான்.

"பதினஞ்சு வருசம்" என்றான் பாஷா. "பதினஞ்சு வருசம் ஏர்ஃபோர்ஸ்ல இருந்தேன், ஒரு நட்டு வுடாம பாப்பேன்னு எங்கிட்ட எத்தினி தபா சொல்லியிருக்க? அந்த வாயிக்காகத்தான்டா ஏறினேன். சோப்பு வெச்சானாம் சோப்பு! ரெண்டு மாசமா என் முட்டியைத் திட்டிக்கினு கெடந்தேன். கம்முனு உக்காந்து கேட்டுக்கினு இருந்தியே, அப்ப தெரியாதா உனுக்கு?"

"இப்பதான்டா நெனப்பு வந்துச்சு."

"போடா."

அண்ணா என்று கூப்பிட்ட வாய். தசரதன் ஸ்டூலில் இருந்து எழுந்தான்.

"இனிமே இங்க வராத. என் மூஞ்சில முழிக்காத." பாஷா மூடியை விட்டெறிந்தான். இடுப்புக்கு மேலே அவனுக்கு எவ்வளவு பலம் பாக்கி இருந்தது என்று தசரதனின் தோள் தெரிந்துகொண்டது. "அந்தக் கிண்ணத்தை எடு ஹபீபு. எனக்கு சோறு வேணும்."

"போயிடுங்கண்ணா" என்றாள் ஹபீபுன்னிசா. "பாவம், அவரு சாப்புடட்டும். நீங்க இருந்தா சாப்புட மாட்டாரு."

வராந்தாவில் நின்று கேட்டான். கரண்டி கிண்ணத்தில் படுகிற சத்தம் விடாமல் கேட்டது. வேலை முடிந்தது. ஒரு ஃபிட்டருக்கு இதைவிட வேறென்ன வேண்டும் என்று தனக்குத் தானே சொல்லிப் பார்த்தான்.

சோப்புக் கதை அவன் சைக்கிளை விட வேகமாக ஊருக்குள் போயிருந்தது. அதுவரைக்கும் அவனுக்கு ஏரோப்ளேன்காரர் என்று பெயர். இப்போது சோப்பு. பட்டறையில் டிரைவர்கள், "சோப்பு, நீ டயரைப் பாரு, பிரேக்குப் பக்கம் போவாத" என்று தமாஷாகச் சொன்னார்கள். தமாஷ் இல்லை என்று கொஞ்ச நாளில் தெரிந்தது. ஃபோர்மன் அவனை இஞ்சின் பக்கமிருந்து டயர் பக்கம் மாற்றினார்.

சந்திரகலா மட்டும் நம்பவில்லை. "பல்லு வெளக்கற பிரஷ்ஷையே சுத்தமா இருக்கான்னு முடி முடியா பாக்கற ஆளு நீங்க. சோப்பு வெச்சீங்களா? யாருகிட்ட கதை வுடறீங்க?" என்றாள். அவன் சைக்கிளைத் துடைக்கப் போய்விட்டான். அவளும் சில நாள் கேட்டுவிட்டு விட்டுவிட்டாள்.

பாஷா கோபத்தில் சாப்பிட்டான். கோபத்தில் புண் கொஞ்சம் ஆறியது. கோபத்தில் கட்டிலைப் பிடித்து உட்காரக்கூடப் பழகினான் என்று சிஸ்டர் சொன்னாள். தசரதன் வாரத்துக்கு ஒருமுறை ஆஸ்பத்திரி கேட் வரைக்கும் போய் அவளிடம் கேட்டுவிட்டுத் திரும்புவான். ஆனால் கோபத்துக்கும் ஒரு அளவுதான் எரிபொருள் இருக்கும் போலிருக்கிறது. ஐப்பசி மழை பிடித்ததும் மறுபடி புண் சீழ் வைத்தது, ஜுரம் வந்தது. இந்த ஜுரத்துக்கு டாக்டர் முன்பே பதில் சொல்லியிருந்தார்.

செய்தி பட்டறைக்கு வந்தபோது தசரதன் டயருக்குக் காற்று அடித்துக்கொண்டிருந்தான்.

கபரஸ்தானில் தூறல். ஊர் ஆட்கள் ஒரு ஓரமாக நின்றார்கள். வெல்டிங் பாஷாவைத் தெரியாத வீடு அந்த ரோட்டில் கிடையாது. குழியில் இறக்கிய பிறகு ஒவ்வொருவராக வந்து கைப்பிடி மண் போட்டார்கள். தசரதனும் வரிசையில் நின்று, குனிந்து ஈர மண்ணை அள்ளினான். குழிக்குப் பக்கத்தில் பாஷாவின் தம்பி அப்துல் நின்றிருந்தான். அவன் தசரதனின் மணிக்கட்டைப் பிடித்தான். முரட்டுத்தனமாகப் பிடிக்கவில்லை.

"வேணாம்ணா. அவரு சொல்லிட்டுப் போயிருக்காரு. உங்க கையி வேணாம்னு."

தசரதன் தலையாட்டினான். பின்னால் நின்றவருக்கு வழி விட்டான். மண்ணைக் கீழே போட்டுவிடலாம். போட மனம் வரவில்லை. கையை மூடிக்கொண்டே கேட்டைத் தாண்டி வெளியே வந்தான். சுவரை ஒட்டி நடந்தான். உள்ளே ஃபாத்திஹா ஓதும் குரல் கேட்டது; அதை வைத்து, இந்த இடத்துக்கு நேரே இருக்கும் என்று ஒரு குத்துமதிப்பாக நின்றான். மழை வலுத்து, மண் விரலிடுக்கில் சேறாக ஒழுக ஆரம்பித்தது. அது முழுக்கக் கரைவதற்குள் கையை ஓங்கிச் சுவருக்கு மேலாக வீசினான். அந்தப் பக்கம் எங்கே விழுந்தது என்று தெரியவில்லை. விழுந்த சத்தம்கூட மழையில் கேட்கவில்லை.